நெல்லிக்கனியும் கள்ளும்

அதியமானைப் பற்றி எவரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும். ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்தவன். சரி, அப்புறம்? அப்புறம் ஒன்றும் இல்லை. பாரி என்றால் முல்லைக்குத் தேர். பேகன் என்றால் மயிலுக்குப் போர்வை. அதியமான் என்றால் நெல்லிக்கனி. ஒரு மனிதன் பிறந்து, வளர்ந்து, சண்டை போட்டு, குடித்து, பிள்ளை பெற்று, புலவர்களிடம் பேச்சு வாங்கி, கடைசியில் மார்பில் வேல் பாய்ந்து செத்திருக்கிறான். அவ்வளவையும் தள்ளிவிட்டு ஒரு கனியை மட்டும் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறோம்.

பாடப் புத்தகக்காரர்களைக் குறை சொல்வது சுலபம். ஆனால் இந்தக் காரியத்தைத் தொடங்கி வைத்தவர்கள் அவர்கள் அல்ல; சங்க நூல்களிலேயே அது ஆரம்பமாகிவிட்டது. சிறுபாணாற்றுப்படையில் ஏழு வள்ளல்கள் வரிசையாக வந்து நிற்கிறார்கள். ஆளுக்கு ஒரு கொடை, ஓரிரண்டு அடைமொழி, அதோடு சரி. எதற்காக அந்த ஏழு பேர்? எட்டாவதாக ஒருவனை, நல்லியக்கோடனை, உயர்த்திச் சொல்வதற்காக. ஏழு பேர் சேர்ந்து இழுத்த நுகத்தை இவன் ஒருவனே தாங்கினான் என்று சொல்ல வேண்டும். அதற்கு ஏழு பேரும் சுருங்கியாக வேண்டும். புறநானூற்றில் பெருஞ்சித்திரனார் குமணனைப் பாடும்போதும் இதே உத்திதான். பட்டியலில் அகப்பட்டவனுக்கு முகம் கிடையாது, கையில் ஒரு பொருள்தான் உண்டு.

பழங்கால அரசர்கள் எங்கேயும் ஒரே மாதிரி சுருங்கிவிடுவதில்லை. ஐரிஷ்காரர்களின் பழைய அரசர்களைப் பாருங்கள். தாரா என்ற குன்றில் வீற்றிருந்ததாகச் சொல்லப்படும் கார்மக், ஒன்பது பிணையாளர்களை வைத்திருந்த நியால், கோனாரெ என்றெல்லாம் ஒரு பெரிய கூட்டமே இருக்கிறது. அவர்களுடைய கதைகளை ஏட்டில் ஏற்றியவர்கள் கிறிஸ்தவ மடாலயங்களில் எழுத்துக் கற்றவர்கள். ‘லைன்ஸ்டர் புத்தகம்’ என்ற பெரிய ஏடு 12-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அந்தக் காலத்து அறிஞர்கள் தங்கள் நாட்டு அரசர்களை ஒருவர்பின் ஒருவராகக் கோத்து, வம்சாவளியை பைபிளில் வரும் நோவா வரைக்கும் கொண்டுபோய் முடிச்சுப் போட்டுவிட்டார்கள். நம் ஊர் மெய்க்கீர்த்திகளில் சோழன் சூரியனில் போய் முடியவில்லையா, அது மாதிரி. வரலாறு என்று பார்த்தால் அதில் தேறுவது குறைவு. ஆனால் கதை என்று பார்த்தால், எழுதுகிறவன் எவனுக்கும் பொறாமை வரும்.

கோனாரெயின் கதையை எடுத்துக்கொள்வோம். அவன் ஆட்சியில் நாட்டில் சமாதானமும் விளைச்சலும் பொங்குகின்றன. ஆனால் அவனுக்குச் சில விலக்குகள் உண்டு. இதைச் செய்யக்கூடாது, இந்த வேளையில் இன்னாரை வீட்டுக்குள் விடக்கூடாது என்று. ஒரு தவறான தீர்ப்புச் சொல்கிறான். அதற்குப்பின் அந்த விலக்குகள் ஒவ்வொன்றாக, அவன் தடுக்கத் தடுக்க, உடைகின்றன. கடைசியில் வழியில் ஒரு விடுதியில் இரவு தங்குகிறான், கடல் கொள்ளைக்காரர்கள் வந்து சூழ்கிறார்கள், விடுதி எரிகிறது, அரசனுக்குத் தாகம். அவனுடைய வீரன் ஒருவன் தண்ணீர் தேடி நாடெல்லாம் ஓடி, விடிகிற வேளையில் திரும்பி வருகிறான். அதற்குள் அரசனின் தலை துண்டிக்கப்பட்டுவிட்டது. கொண்டு வந்த தண்ணீரை அந்தத் தலையின் வாயில் விடுகிறான். தலை அவனுக்கு நன்றி சொல்லிப் பாடுகிறது!

சங்க நூல்களில் இப்படி ஒரு கதைகூட நமக்கு இல்லை. சங்கப் பாட்டில் தலை பேசாது; பறவை மனிதனாகாது; விடுதி எரியாது. யாழ்ப்பாணத்துக் கைலாசபதி பர்மிங்ஹாமில் ஜார்ஜ் தாம்சனிடம் ஆராய்ச்சி செய்து, நம்முடைய வீரயுகப் பாட்டுகளைக் கிரேக்கப் பாட்டுகளோடும், ஐரிஷ், வெல்ஷ் மரபுகளோடும் ஒப்பிட்டு ஒரு புத்தகம் எழுதினார். 1968-ல் ஆக்ஸ்ஃபோர்டில் வெளிவந்தது. தாம்சன் கிரேக்கப் புலமையோடு ஐரிஷ் மொழியிலும் ஊறியவர். பாணனும் புலவனும் அரசனை நம்பி வாழ்ந்த முறை, விருந்து, கொடை, கையறுநிலை இவையெல்லாம் இரண்டு பக்கமும் எவ்வளவு ஒத்துப் போகின்றன என்பதை அந்தப் புத்தகம் படித்தவர்கள் அறிவார்கள். ஆனால் என் போன்ற கதை எழுதுகிறவனின் கண்ணில் முதலில் படுவது ஒற்றுமை அல்ல. அவர்களுக்குக் கதை இருக்கிறது, அரசன் என்ன மாதிரி மனிதன் என்பது அந்த அற்புதங்களுக்குள் புதைந்து கிடக்கிறது. நமக்குக் கதை இல்லை. ஆனால் மனிதன் இருக்கிறான். துண்டு துண்டாக, ஒரு கணம் ஒரு கணமாக இருக்கிறான். அவற்றைச் சேர்த்துப் படிக்கிற சிரமத்தை மட்டும் நாம் மேற்கொள்ளவில்லை.

புறநானூற்றில் ஔவையின் பாட்டுகள் 33. அவற்றில் பெரும்பாலானவை அதியமான் நெடுமான் அஞ்சியையும் அவன் மகனையும் பற்றியவை. இத்தனை பாட்டுகளை ஒரே மனிதன்மேல் ஒரே புலவர் பாடியிருப்பது, கபிலர் பாரி ஜோடியை விட்டுவிட்டால், அபூர்வம். நன்றிக்காகவோ கூலிக்காகவோ எழுதினவை மாதிரி அவை இல்லை. பக்கத்திலேயே இருந்து பார்த்தவள் எழுதினவை.

பகைவர்களுக்கு எச்சரிக்கை சொல்ல வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். வேறு ஒரு புலவர் புலி என்பார், இடி என்பார். ஔவை ஒரு தச்சனைச் சொல்கிறாள். நாளொன்றுக்கு எட்டுத் தேர் செய்யக்கூடிய கைக்காரன். அவன் ஒரு மாதம் உட்கார்ந்து ஒரே ஒரு சக்கரத்தைச் செய்தால் அது எப்படி இருக்கும்? அப்படிப்பட்ட ஒருவன் எங்களிடம் இருக்கிறான், களத்துக்கு வராதீர்கள் என்கிறாள். பட்டறையில் உட்கார்ந்து பார்த்தவளுக்குத்தான் இது தோன்றும். இன்னொரு பாட்டில் அவன் யானை. ஊர்ச் சிறுவர்கள் நீர்த்துறையில் தந்தத்தைத் தேய்த்துக் கழுவ, ஆடாமல் அசையாமல் படுத்துக் கிடக்கிற பெரிய யானை. எங்களுக்கு நீ அப்படி. பகைவர்களுக்கு அதே யானைதான், மதம் பிடித்தது. இன்னொன்றில் அவன் கூரையின் இறப்பில் செருகி வைத்திருக்கும் தீக்கடைகோல். சும்மா இருந்தால் இருக்கிற இடம் தெரியாது, கடைந்தால்தான் தெரியும். தச்சுப்பட்டறை, நீர்த்துறை, கூரை இறப்பு. ஓர் அரசனைச் சொல்ல இவள் அரண்மனைக்குள் போவதே இல்லை.

மகன் பிறந்த செய்தி கேட்டு அவன் வந்து நிற்கிற பாட்டு ஒன்று உண்டு. போர்க்களத்திலிருந்து நேரே வந்திருக்கிறான். கையில் வேல், காலில் கழல், உடம்பில் வியர்வை, கழுத்தில் ஈரம் காயாத புண். பகைவரைப் பார்த்துச் சிவந்த கண். தொட்டிலில் கிடக்கும் பிள்ளையைப் பார்த்தும் அந்தச் சிவப்பு மாறவில்லை. இதைப் புகழ்ச்சி என்றுதான் உரைகாரர்கள் சொல்வார்கள். புகழ்ச்சிதான். ஆனால் எனக்கு அதைப் படிக்கும்போதெல்லாம் கொஞ்சம் பயமாக இருக்கிறது. வீட்டுக்கு வந்தும் வீட்டுக்கு வர முடியாத ஒரு மனிதன் அதில் நிற்கிறான். ஔவைக்கு அந்தப் பயம் தெரிந்திருக்காது என்று நான் நம்பமாட்டேன்.

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது அவனுடைய தாமதம். ஆம், இந்த வள்ளல் தாமதக்காரன்! ஒரு பாட்டில் ஔவை தன் நெஞ்சுக்கு ஆறுதல் சொல்கிறாள்: நாங்கள் ஒரு நாள் அல்ல, இரண்டு நாள் அல்ல, பல நாள், பல பேரைக் கூட்டிக்கொண்டு போனாலும் முதல் நாள் மாதிரியே வரவேற்பான், பரிசில் கொடுக்கிற வேளை தள்ளிப்போனாலும் போகட்டும், அது யானை தன் கொம்புகளின் இடையே வைத்துக்கொண்ட கவளம், தப்பாது, ஏங்காதே. படிக்க எவ்வளவு நிம்மதியாக இருக்கிறது! இனி இன்னொரு பாட்டைப் பாருங்கள். அங்கேயும் பரிசில் தள்ளிப் போகிறது. அங்கே நெஞ்சுக்கு ஆறுதல் இல்லை, வாயில்காவலனுக்குச் சூடு. உங்கள் நெடுமான் அஞ்சிக்குத் தன் தரம் தெரியவில்லையா, அல்லது என் தரம்தான் தெரியவில்லையா? உலகத்தில் அறிவாளிகள் எல்லாரும் செத்துப்போய்விடவில்லை. தச்சனுடைய பிள்ளை கோடரியோடு காட்டுக்குள் போனால் எந்த மரம் அவனுக்கு இல்லை என்று சொல்லும்? எங்களுக்கும் எந்தத் திசையில் போனாலும் சோறு உண்டு என்று யாழை உறையில் கட்டிக்கொண்டு கிளம்பிவிடுகிறாள்.

ஒரே மனிதனின் ஒரே குணம். பார்க்கிறவளின் மனநிலை மாறியதும் அது கவளமாகவும் தெரிகிறது, அவமானமாகவும் தெரிகிறது. இந்த இரண்டு பாட்டுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டால் ஒரு நாவலின் பாதி வந்துவிடும். பெருஞ்சித்திரனாரும் இவனிடம் கோபித்துக்கொண்டு போயிருக்கிறார் என்பது உபரியான சாட்சி. இவன் நேரில் பார்க்காமலே பரிசிலை அனுப்பிவைத்தான். நான் வியாபாரி அல்ல, என்னைப் பார்த்து, தெரிந்துகொண்டு, தினையளவு கொடுத்தாலும் போதும் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார் அவர். ஆக, ஆள் ஒருவிதமானவன்தான். கை தாராளம், முகம் கொடுப்பதில் சமயத்தில் கஞ்சம்.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும். நாம் அதியமான் கதை என்று சொல்வதில் பெரும்பகுதி பாட்டில் இல்லை. பாட்டின் அடியில் பின்னால் யாரோ சேர்த்த குறிப்பில் இருக்கிறது. தொண்டைமானிடம் ஔவை தூது போனதும், அவன் தன் ஆயுதசாலையைப் பெருமையாகத் திறந்து காட்டியதும் அந்தக் குறிப்பு சொல்லித்தான் நமக்குத் தெரியும். பாட்டு சொல்வது இவ்வளவுதான்: இதோ இவை மயிற்பீலி சூடி, மாலை போட்டு, நெய் பூசி, காவல் உள்ள பெரிய வீட்டில் இருக்கின்றன, அவையோ, குத்திக் குத்தி முனை முறிந்து கொல்லனுடைய சின்னக் கொட்டிலில் கிடக்கின்றன. தொண்டைமான் பெயர் பாட்டில் இல்லை. தூது என்ற பேச்சும் இல்லை. குறிப்பு எழுதியவர் கேட்டதை எழுதினாரோ, பாட்டிலிருந்து ஊகித்து எழுதினாரோ, எப்படியானாலும் ரசிகர்; பாட்டுக்குத் தகுந்த காட்சியைக் கொடுத்திருக்கிறார். ஐரிஷ் மடாலயத்துக்காரர்கள் அரசர்களைச் சுற்றிக் கதையைக் கட்டினார்கள். நம்மவர்கள் ஒரு வரிக் குறிப்போடு நின்றுவிட்டார்கள். அந்த அடக்கத்துக்கு நான் நன்றி சொல்லுவேன், பாட்டு பிழைத்தது.

சில வருஷங்களுக்கு முன்னால் தர்மபுரிப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் பேசப் போயிருந்தேன். பழைய தகடூர்தான் தர்மபுரி என்பதும், பக்கத்தில் அதியமான்கோட்டை என்று ஊர் இருப்பதும் பிள்ளைகளுக்குத் தெரிந்திருந்தது. பேசி முடித்ததும் ஒரு பையன் எழுந்து, “ஏன் சார், அந்தப் பழத்தை அவரே சாப்பிட்டிருந்தா செத்திருக்க மாட்டார் இல்லே?” என்று கேட்டான். எல்லாரும் சிரித்தார்கள். “அதெல்லாம் பாடத்தில் இல்லை, உட்கார்” என்றார் ஆசிரியர். பையன் உட்கார்ந்துவிட்டான். ஆனால் அதியமானைப் பற்றி நான் கேட்ட விமர்சனங்களில் அதுதான் உருப்படியானது.

நெல்லிக்கனிப் பாட்டு புறநானூற்றில் 91-ஆவது. அதில் என்ன இருக்கிறது? பழைய உயர்ந்த மலையின் பிளவில் ஏறுவதற்கு அரிதான இடத்தில் இருந்த சிறு இலை நெல்லியின் இனிய கனி. கிடைப்பது அரிது என்று எண்ணாமல், அதனால் உண்டாகும் பயனை வெளியே சொல்லாமல் மனத்துக்குள் அடக்கிக்கொண்டு, எனக்குச் சாவு நீங்கும்படி கொடுத்துவிட்டாய். சொல்லியிருந்தால் அவள் வாங்கியிருக்கமாட்டாள்! அந்த மௌனம்தான் இந்தக் கொடையின் உயிர். மற்ற எல்லாப் பரிசிலையும் தாமதித்துக் கொடுத்தவன், இதை மட்டும் தாமதிக்காமல், ஒரு வார்த்தை பேசாமல் கொடுத்திருக்கிறான்.

அதற்கு அவள் சொல்லும் வாழ்த்தைக் கவனியுங்கள். நஞ்சை உண்டு கழுத்து நீலமான கடவுளைப் போல நீ நிலைத்திரு என்கிறாள். சாவைத் தரும் நஞ்சை உண்டும் சாகாதவன் அவன். சாவைத் தடுக்கும் கனியை உண்ணாமல் கொடுத்தவன் இவன். உண்டவனைப் போல உண்ணாதவனும் இருக்கட்டும் என்பது வாழ்த்து. இவ்வளவு நுட்பமான வாழ்த்தைச் சொன்னவளுக்கு, இது பலிக்காது என்று உள்ளூரத் தெரிந்திருந்ததோ என்னவோ. அதே பாட்டில்தான், ஆரவாரமான கள்ளையுடைய அதியர் தலைவன் என்றும் அவனை அழைக்கிறாள். பாடம் நடத்தும்போது கனியை வைத்துக்கொண்டு கள்ளை விட்டுவிடுகிறோம்.

கள்ளை விட்டுவிட்டால் 235-ஆவது பாட்டு புரியாது. அதுதான் கனிப் பாட்டின் பின்பாதி. தொகுத்தவர் இவன் உயிரோடிருந்த பாட்டுகளை ஓரிடத்திலும், கையறுநிலைகளை வேறோர் இடத்திலும் வைத்துவிட்டதால் நடுவில் 143 பாட்டுகள் குறுக்கே நிற்கின்றன. கள் கொஞ்சமாக இருந்தால் எனக்கே கொடுத்துவிடுவான். நிறைய இருந்தால் நான் பாடப் பாட அவனும் உடன் குடிப்பான் என்று தொடங்குகிறது அது. கொஞ்சமாக இருந்தால் எனக்கு! நெல்லிக்கனி ஒன்றே ஒன்று இருந்தது. அதனால் அது ஔவைக்கு. கனியைக் கொடுத்த மனமும் கடைசிக் கிண்ணம் கள்ளைக் கொடுத்த மனமும் வேறு அல்ல. அவனுக்கு அது தியாகமே இல்லை, தினசரிப் பழக்கம். நாம் அதைத் தியாகமாக்கி, மேடையில் ஏற்றி, பழக்கத்தை மறைத்துவிட்டோம்.

அந்தப் பாட்டு மேலே போகிறது. எலும்பும் இறைச்சியும் உள்ள இடமெல்லாம் எங்களுக்கு. அம்பும் வேலும் வரும் இடமெல்லாம் அவனுக்கு. நறுமணம் கமழும் தன் கையால், புலால் நாறும் என் தலையைத் தடவுவான். பிறகு வருகிறது அந்த வேல். அது அவன் மார்பில் மட்டும் பாயவில்லை. பாணர்களின் பாத்திரத்தைத் துளைத்து, இரப்பவர்களின் கைகளை ஊடுருவி, சுற்றத்தாரின் கண் ஒளியை மங்கச் செய்து, கடைசியில் புலவர்களின் நாவில் போய் விழுகிறது. ஒரே வீச்சு. நான் படித்த எந்த மொழிப் புலம்பலிலும் ஓர் ஆயுதம் இவ்வளவு தூரம் போய்ப் பார்த்ததில்லை. பையன் கேட்ட கேள்விக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது. சாகாமல் இருக்கும்படி கனி வாங்கி உண்டவள் உயிரோடு நின்று, கொடுத்தவனுக்குப் பாடுகிறாள். வேல் அவள் நாவில்தான் விழுந்தது.

தலையைத் தடவினான் என்பதைப் பார்த்தீர்களா? நாம் ஔவை என்றதும் கோல் ஊன்றிய பாட்டியை நினைக்கிறோம். ஆத்திசூடி பாடிய பிற்காலத்து ஔவையும் இவளும் ஒருத்தியே என்று ஆக்கிவிட்டதன் விளைவு அது. 1953-ல் வந்த ஜெமினியின் ‘ஔவையார்’ படம், கே. பி. சுந்தராம்பாளின் குரலோடு, அந்த உருவத்தை அழியாமல் பதித்துவிட்டது. இளமையில் பிள்ளையாரை வேண்டிக் கிழவியாகிவிட்டாள் என்பது ஐதிகம். ஐரிஷ்காரர்களின் நியால் கதையில் நடப்பதோ நேர்மாறு. கிணற்றைக் காத்துக்கொண்டிருக்கிறாள் ஓர் அவலட்சணமான கிழவி. தண்ணீர் வேண்டுமானால் முத்தம் கொடு என்கிறாள். அண்ணன்மார் மறுத்துப் போக, நியால் கொடுக்கிறான். கிழவி பேரழகியாகி, நான்தான் ராஜ்யம் என்று சொல்லி அவனுக்கு அரசைத் தருகிறாள். அவர்கள் கிழவியைக் குமரியாக்கினார்கள். நாம் குமரியையோ நடுவயதுக்காரியையோ கிழவியாக்கிவிட்டோம். இரண்டுக்கும் காரணம் ஒன்றுதான் என்று நினைக்கிறேன்: அரசனுக்குப் பக்கத்தில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தால் அதற்கு ஏதாவது நியாயம் கற்பிக்காமல் ஜனங்களால் இருக்க முடியாது. தேவதையாக்கு, இல்லாவிட்டால் பாட்டியாக்கு. கள் குடித்துக்கொண்டு, கோபித்துக்கொண்டு, ஒரு மனிதனுக்குச் சிநேகிதியாக இருந்தவள் என்று மட்டும் ஒப்புக்கொள்ளாதே.

அவனை நான் உத்தமன் ஆக்கப் பார்க்கவில்லை. இவனும் ஊரை எரித்தவன்தான். கோவலூரை அழித்ததைப் பரணர் பாடினாராம். ஔவையே சொல்கிறாள், அதே பாட்டில் இவன் முன்னோர்கள் கரும்பை இந்த நாட்டுக்குக் கொண்டு வந்ததையும் சொல்லிவிட்டு. (பாலக்கோட்டில் கூட்டுறவுச் சர்க்கரை ஆலை எழுந்த மண்ணுக்கு அது பொருத்தமான பெருமை.) நோயில் செத்த அரசர்களைத் தருப்பைப் புல்லில் கிடத்தி, வாளால் கீறி, வீரசொர்க்கத்துக்கு அனுப்பும் வழக்கத்தைச் சொல்லி, உன்னோடு போரிட்டவர்களுக்கு அந்த இழிவு நேராமல் காப்பாற்றினாய் என்று பாராட்டுகிற பாட்டும் அவளுடையதுதான். கொன்றதை உபகாரம் என்று சொல்லும் இந்தச் சாமர்த்தியம் எனக்குக் கசக்கிறது. கசந்தாலும் அதைப் படிக்கத்தான் வேண்டும்.

இனி தகடூர். சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறை தகடூரை அழித்தான். அவன் பட்டமே அதுதான். பதிற்றுப்பத்தில் எட்டாம் பத்தை அவன்மேல் பாடியவர் அரிசில் கிழார். அதற்குச் சேரன் ஒன்பது லட்சம் காணமும் சிம்மாசனமும் கொடுக்க, இவர் அரசை மறுத்து அமைச்சு ஏற்றார் என்று பதிகம் சொல்கிறது. அதே அரிசில் கிழார்தான், தகடூர்ப் போரில் விழுந்த அதியமான் எழினிக்குப் புறநானூற்றில் அழுகிறார். அவன் காத்த நாட்டில் கன்றும் பசுவும் காட்டிலேயே படுத்துக் கிடக்கும். களத்து நெல்லுக்குக் காவல் வேண்டாம். கூற்றுவனே, விதை நெல்லைத் தின்ற குடியானவனைப் போல மோசம் போனாய். இவனை விட்டுவைத்திருந்தால் எத்தனை பகைவர் உயிர் உனக்கு விளைந்திருக்கும் என்கிறார். வென்றவனின் மந்திரி தோற்றவனுக்கு இவ்வளவு நல்ல பாட்டைக் கொடுத்திருக்கிறார். எட்டாம் பத்து முழுவதையும்விட இந்த ஒரு பாட்டு உயர்ந்தது என்பது என் அபிப்பிராயம்.

அந்தப் போரைப் பற்றித் ‘தகடூர் யாத்திரை’ என்று ஒரு தனி நூலே இருந்தது. உரைகாரர்கள் எடுத்தாண்டதும், புறத்திரட்டு என்ற தொகுப்பில் தப்பியதுமாகச் சில பாட்டுகள்தான் இப்போது மிச்சம். நமக்கு ஒரு முழுக்கதை கிடைத்திருக்கக்கூடிய ஒரே இடம் அது. போய்விட்டது. ஔவையின் மூன்று கையறுநிலைகளிலும் எந்தக் களம், எறிந்தது யார் என்ற செய்தியே இல்லை. அவளுக்கு அது முக்கியமாகப் படவில்லை.

1981-ல் ஒரு விசித்திரம் நடந்தது. திருக்கோவிலூருக்கு அருகே ஜம்பை என்ற ஊரின் குன்றில், இயற்கைக் குகையின் பாறையில், தமிழ் பிராமி எழுத்தில் ஒரு வரி தமிழ்நாடு தொல்லியல் துறையினரின் கண்ணில் பட்டது. சதியபுத்திரனான அதியன் நெடுமான் அஞ்சி கொடுத்த பள்ளி இது என்பது அதன் சாரம். கி.பி. முதல் நூற்றாண்டு என்பது ஐராவதம் மகாதேவனின் கணிப்பு. அசோகனின் பாறைச் சாசனத்தில் சோழர், பாண்டியர், கேரளபுத்திரர் ஆகியோரோடு சேர்த்துச் சொல்லப்பட்ட சதியபுத்திரர் யார் என்று அறிஞர்கள் வெகுகாலம் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தார்கள். அந்த வழக்கு ஒரு வரியில் தீர்ந்தது. ஐரிஷ்காரர்களின் கோனாரெக்கோ கார்மக்குக்கோ இப்படி ஒரு கல் கிடைக்கவில்லை. பாட்டில் மட்டும் இருந்தவன் பாறையிலும் வந்துவிட்டான். அதுவும் அவன் அழித்ததாக ஔவை சொன்ன கோவலூருக்குப் பக்கத்திலேயே!

ஆனால் கல் என்ன சொல்கிறது? பெயர், குலம், ஒரு கொடை. மறுபடியும் பட்டியல்தான். முனிவர்கள் தங்க இடம் கொடுத்த இந்த அதியமானை ஔவை எங்கும் பாடவில்லை. ஔவையோடு கள் குடித்தவனைக் கல்லுக்குத் தெரியாது. இதற்கு ஆயிரம் ஆண்டுக்கு மேல் கழித்து, போளூரை அடுத்த திருமலையில் விடுகாதழகிய பெருமாள் என்ற ஓர் அதிகைமான், தன் முன்னோன் எழினி செய்துவைத்த யக்ஷன், யக்ஷி உருவங்களைப் புதுப்பித்துக் கல்வெட்டு வெட்டினான். அதில் அந்த எழினி சேர வம்சத்தவன். பனம்பூ சூடிய அதியர் சேரரின் கிளையே என்று அறிஞர்கள் சமாதானம் சொல்வார்கள், சரியாகவே இருக்கலாம். என்றாலும், தகடூரை அழித்த குலத்தின் பெயரை அழிந்தவர்களின் வழித்தோன்றல் தலையில் சூடிக்கொண்டு நிற்பதைப் பார்க்கும்போது, நோவா வரைக்கும் முடிச்சுப் போட்ட அந்த மடாலயத்துக்காரர்களின் நினைவு வராமல் இல்லை.

தர்மபுரி மாவட்டம் நடுகற்கள் நிறைந்த பூமி. ஆநிரை மீட்டுச் செத்தவன், புலி குத்திச் செத்தவன் என்று பெயர் தெரிந்த கல்லும் தெரியாத கல்லுமாகக் காட்டோரத்திலும் ஊர்ப்புறத்திலும் கிடக்கின்றன. சில அருங்காட்சியகத்துக்கு வந்திருக்கின்றன. அதியமானுக்கும் அப்படி ஒரு கல் நட்டார்கள். ஔவை அதன்முன் நின்ற பாட்டு 232-ஆவது, சின்னப் பாட்டு. இந்தக் காலையும் மாலையும் எனக்கு இல்லாமலே போகட்டும் என்கிறாள். கல்லுக்கு மயிற்பீலி சூட்டியிருக்கிறார்கள். நாரால் வடித்த கள்ளைச் சின்னக் கலயத்தில் படைக்கிறார்கள். மலைச்சிகரங்களோடு ஒரு நாட்டையே கொடுத்தாலும் வாங்காதவன், இதைப் போய் வாங்கிக்கொள்வானா என்று கேட்கிறாள்.

கள் கொஞ்சமாகத்தான் இருக்கிறது. அவன் இருந்திருந்தால் அதை அவளிடம் கொடுத்திருப்பான்.